பீடத்தில் பிறக்கும் திருச்சபை



"திருச்சபை" என்ற சொல்லைக் கேட்டதும் உங்கள் மனக்கண் முன் எழுவது எது? ஊரின் நடுவே உயர்ந்து நிற்கும் தேவாலயமா? ஆயரும் குருக்களும் துறவியரும் அடங்கிய நிர்வாகமா? பாடசாலைகளையும் மருத்துவமனைகளையும் ஆதரவற்றோர் இல்லங்களையும் நடத்தும் பெரியதொரு நிறுவனமா? இவை யாவும் திருச்சபையின் வாழ்வோடு பின்னிப் பிணைந்தவையே. ஆயினும் திருச்சபைக்கு உயிர் தருவது எது என்று கேட்டால், இவற்றுள் ஒன்றையும் விடையாகச் சொல்ல இயலாது.

இன்று நம்மிடையே மற்றுமொரு குரலும் ஒலிக்கின்றது. "எனக்கு இயேசு போதும், திருச்சபை எதற்கு?" என்று கேட்கும் குரல் அது. அவ்வாறு கேட்போர் எல்லாரும் விசுவாசத்தை இழந்தவர்கள் அல்லர். பங்கிலே ஏற்பட்ட ஒரு மனத்தாங்கல், துயரமான வேளையிலே கேட்க நேர்ந்த ஒரு கடுஞ்சொல், எவரும் செவிசாய்க்காத ஒரு முறைப்பாடு ஆகியவை அவர்களின் உள்ளத்தில் ஆறாமல் இருக்கக்கூடும். வளர்ந்த பிள்ளைகள், "வீட்டிலிருந்தே செபிக்கலாமே, ஏன் கோவிலுக்குப் போக வேண்டும்?" என்று கேட்கும்போது விடை தெரியாமல் நிற்கும் பெற்றோரும் நம்மிடையே பலர்.

இக்கேள்விக்குத் தம் வாழ்நாள் முழுவதையும் செலவிட்டு விடை தேடியவர் ஒருவர் இருந்தார். அவர் பிரான்ஸ் நாட்டைச் சேர்ந்த இயேசு சபைக் குருவான ஹென்றி டி லுபாக். திருச்சபையின் இயல்பைப் பற்றி 20ஆம் நூற்றாண்டில் எழுதிய இறையியலாளருள் முதல் வரிசையில் வைத்து எண்ணப்படுபவர் அவர். அவருடைய எழுத்துக்களை நாம் இன்று சிந்திப்பதற்குத் தனிப்பட்ட ஒரு காரணமும் உண்டு. திருச்சபை ஒரு தாய் என்று எழுதிய அந்தக் கரம், திருச்சபையின் அதிகாரிகளாலேயே கட்டப்பட்ட கரமாகும்.

போர்க்களத்திலிருந்து வந்தவர்

ஹென்றி டி லுபாக் 1896ஆம் ஆண்டு பெப்ரவரி 20ஆம் திகதி பிரான்சின் வடபகுதியிலுள்ள கம்பிரே நகரிலே பிறந்தார். 1913ஆம் ஆண்டு இயேசு சபையிற் சேர்ந்தார். துறவற சபைகளுக்கு எதிரான சட்டங்கள் அக்காலத்தில் பிரான்சில் நடைமுறையில் இருந்தமையால், அவருடைய நவசந்நியாசம் இங்கிலாந்திலேயே தொடங்கிற்று. அதற்கிடையில் முதலாம் உலக மகாயுத்தம் மூண்டது. இளந்துறவியும் படையில் சேர்க்கப்பட்டார். 1917ஆம் ஆண்டு நவம்பர் முதலாம் திகதி, சகல புனிதர்களின் பெருவிழாவன்று, அவர் தலையிலே கடுமையாகக் காயமுற்றார். அக்காயம் தந்த தலைவலியும் மயக்கமும் பல ஆண்டுகள் அவரை வாட்டின. படுக்கையில் கிடந்தபடியே படிப்பதும், வலி விட்ட வேளையில் எழுதுவதும் அவருக்கு வழக்கமாயின.

1927இல் குருத்துவ அபிஷேகம் பெற்ற அவர், 1929 முதல் லியோன் நகரிலுள்ள கத்தோலிக்கப் பல்கலைக்கழகத்திலே இறையியல் போதித்தார். அக்காலத்தில் மறைக்கல்வி நூல்கள் பெரும்பாலும் வினா விடைகளாகவும் சட்ட விளக்கங்களாகவும் அமைந்திருந்தன. டி லுபாக்கோ அவற்றைத் தாண்டி, ஆதித் திருச்சபையின் தந்தையரிடம் சென்றார். புனித இரனேயு, ஒரிஜென், புனித அகுஸ்தினார் முதலியோரின் ஏடுகளைத் தோண்டித் தோண்டிப் படித்தார். அவர்கள் அறிந்திருந்த ஏதோ ஒன்றை நாம் மறந்துவிட்டோம் என்ற உணர்வு அவருள்ளே வலுப்பெற்றது. அவ்வுணர்விலிருந்து பிறந்த முதல் நூல் 1938ஆம் ஆண்டு "கத்தோலிக்கம்" என்னும் பொருள்படும் பெயரோடு வெளிவந்தது.

சிதறுண்ட ஆதாம்

அந்நூல் ஒரு குற்றச்சாட்டோடு தொடங்குகின்றது. கிறிஸ்தவன் தன் ஆன்மாவை மாத்திரம் காப்பாற்றிக்கொள்ள விரைகின்றான். சுற்றிலும் மனிதர் வீழ்ந்து கிடக்கும் போர்க்களத்தின் நடுவே, கையிலே ஒரு ரோசா மலரை ஏந்தித் தன் இன்பத்தில் தானே மூழ்கி நடப்பவனைப் போன்றவன் அவன் என்று அக்காலத்து எழுத்தாளர் சிலர் சாடினர். உண்மையாகவே போர்க்களத்தில் வீழ்ந்து கிடந்த டி லுபாக் அச்சாடலை அலட்சியம் செய்யவில்லை. அது உண்மையானால் நாம் கிறிஸ்துவைப் புரிந்துகொள்ளவே இல்லை என்பது அவருடைய நிலைப்பாடு.

பாவம் என்பது என்ன? தனி மனிதன் ஒரு கட்டளையை மீறுதல் என்று நாம் சுருக்கமாகச் சொல்லிவிடுகின்றோம். திருச்சபைத் தந்தையரோ இன்னும் ஆழமாக நோக்கினர். கடவுள் படைத்த மனுக்குலம் ஒன்று. பாவம் அதனை உடைத்துச் சிதறச் செய்தது என்றனர். புனித அகுஸ்தினார் இதனை அழகியதோர் உருவகத்தினால் விளக்குகின்றார். ஆதாம் என்ற பெயரின் நான்கு எழுத்துக்களும் கிரேக்க மொழியில் கிழக்கு, மேற்கு, வடக்கு, தெற்கு என்னும் நான்கு திசைகளின் முதலெழுத்துக்களாகும். விழுந்து உடைந்த ஆதாமின் துண்டுகள் நாற்றிசையெங்கும் பரவிக் கிடக்கின்றன. இறைவன் தம் இரக்கத்தினால் அவற்றை எங்கிருந்தும் சேகரித்து, அன்பின் தீயிலே உருக்கி, மீண்டும் ஒன்றாக்குகின்றார் என்பது அவர் தரும் விளக்கம்.

அப்படியானால் மீட்பு என்பது சேகரித்தல் அன்றோ? சிதறிக் கிடந்த கடவுளின் பிள்ளைகளை ஒன்றாகச் சேர்ப்பதற்காகவே இயேசு மரிக்க இருந்தார் என்று யோவான் நற்செய்தி (11:52) கூறுவதும் இதனையே. இங்கேதான் டி லுபாக் நம் கேள்விக்கு முதலாவது விடையைத் தருகின்றார். மீட்புப் பெற்றவர்கள் பிற்பாடு தம் வசதிக்காக அமைத்துக்கொண்ட சங்கம் அன்று திருச்சபை. சிதறியவர்கள் சேர்க்கப்படுவதே மீட்பாக இருக்கையில், சேர்க்கப்படும் அந்த நிகழ்வின் பெயரே திருச்சபை. எனவே, "இயேசு வேண்டும், திருச்சபை வேண்டாம்" என்று கூறுவது, "மருந்து வேண்டும், குணமடைய வேண்டாம்" என்று கூறுவதைப் போன்றதாகும்.

கிறிஸ்து கடவுளின் அருளடையாளமாக விளங்குவதைப் போல, திருச்சபை நமக்குக் கிறிஸ்துவின் அருளடையாளமாக விளங்குகின்றது என்றும் அந்நூலிலே அவர் எழுதினார். பின்னாளில் கர்தினாலாகவும் பாப்பரசர் 16ஆம் ஆசீர்வாதப்பராகவும் விளங்கிய ஜோசப் ராட்சிங்கர், மாணவராக இருந்த காலத்தில், 1949இல், இந்நூல் தம் கைக்கு எட்டியதையும் அது தம் சிந்தனையைப் புதிய திசையில் இட்டுச் சென்றதையும் தம் நினைவுக் குறிப்புகளில் நன்றியோடு பதிவு செய்துள்ளார்.

இடம் மாறிய ஒரு சொல்

1944இல் டி லுபாக் வெளியிட்ட நூலொன்று, ஒரேயொரு சொற்றொடரின் வரலாற்றை ஆராய்கின்றது. "கோர்ப்புஸ் மிஸ்திக்கும்" என்னும் இலத்தீன் சொற்றொடரே அது. "மறையுடல்" என்று நாம் அதனைத் தமிழிலே கூறுகின்றோம். கிறிஸ்துவின் மறையுடல் எது என்று கேட்டால், திருச்சபை என்று நாம் தயங்காது விடை கூறுவோம். பாப்பரசர் 12ஆம் பத்திநாதர் 1943இல் வெளியிட்ட சுற்றுமடலும் திருச்சபையை அப்பெயராலேயே அழைத்தது.

ஆனால் பழைய ஏடுகளைப் புரட்டிய டி லுபாக் வியப்புக்குரிய ஓர் உண்மையைக் கண்டறிந்தார். 9ஆம் நூற்றாண்டின் இறையியலாளர் "மறையுடல்" என்று குறிப்பிட்டது பீடத்தின் மீதுள்ள நற்கருணையை! திருச்சபையையோ அவர்கள் கிறிஸ்துவின் உடல் என்றும், உண்மையான உடல் என்றும் அழைத்தனர். பின்னர், 11ஆம் நூற்றாண்டில் பெரெங்காரியுஸ் என்பவர் நற்கருணையில் ஆண்டவரின் பிரசன்னத்தைப் பற்றிப் பிழையான கருத்துக்களைப் பரப்பியபோது, அதனை மறுத்துரைக்க வேண்டிய தேவை எழுந்தது. நற்கருணையே கிறிஸ்துவின் உண்மையான உடல் என்று வலியுறுத்தப்பட்டது. 12ஆம் நூற்றாண்டின் நடுப்பகுதியளவில் அச்சொற்கள் இரண்டும் தம் இடங்களை மாற்றிக்கொண்டன. நற்கருணை உண்மையான உடலாயிற்று, திருச்சபை மறையுடலாயிற்று.

ஒரு சொல் இடம் மாறியதால் என்ன குடி முழுகிவிடும் என்று நீங்கள் கேட்கலாம். நற்கருணையில் ஆண்டவர் மெய்யாகவே எழுந்தருளியுள்ளார் என்ற விசுவாசம் அன்றும் மாறவில்லை, இன்றும் மாறவில்லை. டி லுபாக்கும் அதனை உறுதியாக ஏற்று அறிக்கையிட்டவரே. எனினும், பீடத்திலுள்ள உடலுக்கும் பீடத்தைச் சூழ்ந்து நிற்கும் உடலுக்கும் இடையே இருந்த உயிர்த்தொடர்பு காலப்போக்கில் மக்களின் நினைவிலிருந்து மங்கலாயிற்று என்பதை அவர் சுட்டிக்காட்டினார். நற்கருணை, ஒவ்வொருவரும் தனித்தனியே உட்கொள்ளும் பரிசுத்த பொருளாக மாத்திரம் நோக்கப்பட்டது. திருச்சபையோ சட்டங்களும் பதவிகளும் கொண்ட அமைப்பாக மாத்திரம் நோக்கப்பட்டது. இரண்டும் ஒரே கிறிஸ்துவின் உடல் என்பதை உணர்வோர் அருகினர்.

புனித பவுலடியார் இவ்விரண்டையும் பிரித்தவர் அல்லர். அப்பம் ஒன்றே, அதில் பங்குகொள்வதால் பலராகிய நாம் ஒரே உடலாக இருக்கின்றோம் என்பது அவர் கொரிந்தியருக்குப் புகட்டிய பாடம் (1 கொரி 10:16-17). புனித அகுஸ்தினார், புதிதாகத் திருமுழுக்குப் பெற்றவர்களை நோக்கி ஆற்றிய மறையுரையிலே இதனையே விளக்கினார். வயலிலே பல மணிகளாக இருந்த கோதுமை அரைக்கப்பட்டு, நீரினால் பிசையப்பட்டு, நெருப்பிலே சுடப்பட்டு ஒரே அப்பமாகின்றது. நீங்களும் தவத்தினால் அரைக்கப்பட்டு, திருமுழுக்கின் நீரினால் பிசையப்பட்டு, தூய ஆவியின் நெருப்பினால் சுடப்பட்டவர்கள். ஆகவே பீடத்தின் மேல் வைக்கப்பட்டிருப்பது உங்கள் சொந்த மறைபொருளே என்பது அந்த மறையுரையின் சாரம். அப்பம் உண்ணும்போது நாம் "ஆமென்" என்கின்றோம். கிறிஸ்துவுக்கு மாத்திரமா அந்த ஆமென்? நமக்கு முன்னும் பின்னும் வரிசையில் நிற்கும் சகோதர சகோதரிகளுக்கும் சேர்த்தே அந்த ஆமென் உரைக்கப்படுகின்றது.

திருச்சபை நற்கருணையைக் கொண்டாடுகின்றது என்பதை நாம் அறிவோம். அந்த நற்கருணையே திருச்சபையை உண்டாக்குகின்றது என்பது நாம் மறந்துபோன மறுபாதி. டி லுபாக்கின் எழுத்துக்கள் அனைத்தையும் ஒரு வரியிலே அடக்க வேண்டுமாயின் இதனையே கூறலாம். பாப்பரசர் 2ஆம் அருளப்பர் சின்னப்பர் 2003ஆம் ஆண்டு பெரிய வியாழனன்று வெளியிட்ட நற்கருணை பற்றிய சுற்றுமடலும் இக்கருத்தையே தன் மையமாகக் கொண்டிருந்தது.

மௌனத்தின் ஆண்டுகள்

இத்தகைய எழுத்துக்கள் எல்லாருக்கும் உவப்பாக இருக்கவில்லை. நாசிகள் பிரான்சை ஆக்கிரமித்திருந்த காலத்தில், யூத மக்களுக்கு எதிரான வெறுப்பைக் கண்டித்து இரகசியமாக அச்சிடப்பட்ட கிறிஸ்தவ ஏடுகளிலே டி லுபாக் பணியாற்றினார். அதனால் தலைமறைவாக வாழவும் நேர்ந்தது. அவருடைய நண்பரும் சக இறையியலாளருமான இயேசு சபைக் குரு இவ் டி மொன்செய் 1944 ஆகஸ்டில் ஜேர்மன் படையினரால் சுட்டுக்கொல்லப்பட்டார். வெளியிலிருந்து வந்த அந்த ஆபத்தை டி லுபாக் தாங்கிக்கொண்டார். அதனிலும் தாங்கற்கரிய துன்பம் உள்ளிருந்து வந்தது.

இயற்கைக்கும் அருளுக்கும் இடையிலான உறவைப் பற்றி 1946இல் அவர் வெளியிட்ட நூல் பெரும் சர்ச்சையை எழுப்பிற்று. அவர் மரபை விட்டு விலகுகின்றார் என்ற ஐயம் உரோமையிலே பரவியது. 1950ஆம் ஆண்டு யூன் மாதத்தில், இயேசு சபையின் மேலிடத்து ஆணைப்படி அவர் போதனைப் பணியிலிருந்து நீக்கப்பட்டார். லியோனை விட்டு வெளியேறவும் பணிக்கப்பட்டார். அவருடைய நூல்கள் சில சபையின் நூலகங்களிலிருந்து அகற்றப்பட்டன. விசாரணை எதுவும் நடைபெறவில்லை. எந்த வசனத்திலே பிழை உள்ளது என்று எவரும் அவருக்குத் திட்டவட்டமாக எடுத்துரைக்கவும் இல்லை. அதே ஆண்டு ஆகஸ்ட் மாதத்தில் பாப்பரசரின் சுற்றுமடலொன்று வெளிவந்து, புதிய இறையியல் போக்குகள் சிலவற்றைக் கண்டித்தது. அது அவரையே குறிக்கின்றது என்று பலர் பேசிக்கொண்டனர். தம் போதனை அதில் கண்டிக்கப்படவில்லை என்பதே டி லுபாக்கின் கருத்தாக இருந்தது.

இந்நிலையில் ஒரு மனிதன் என்ன செய்வான்? பத்திரிகைகளைக் கூட்டித் தன் தரப்பு நியாயத்தை முழங்கலாம். கோபத்தோடு வெளியேறிப் புதிய குழுவொன்றை அமைக்கலாம். கசப்பை நெஞ்சிலே பூட்டி வைத்து, எழுதுகோலை முறித்தெறியலாம். டி லுபாக் இம்மூன்றையும் செய்யவில்லை. இறையியல் போதிக்கும் கதவு மூடப்பட்டபோது, அவர் பௌத்த சமயத்தைப் பற்றி ஆராய்ந்து மூன்று நூல்களை எழுதினார். 1953இல், தடையின் நிழலிலேயே, அவருடைய "திருச்சபை பற்றிய தியானம்" என்னும் நூல் அச்சேறியது. அதன் பெரும்பகுதி 1950க்கு முன்னரே குருக்களுக்கு ஆற்றிய உரைகளிலிருந்து உருவானது. ஆயினும் அந்நூலை வாசித்தவர்கள் வியந்தனர். தண்டிக்கப்பட்டிருக்கும் ஒருவர் தம்மைத் தண்டித்த திருச்சபையைத் தாய் என்று போற்றுகின்றாரே!

ஒன்பது அதிகாரங்களைக் கொண்ட அந்நூலின் நடுவே, திருச்சபையின் இதயம் எது என்று கேட்டு, நற்கருணையே என்று விடை தருகின்றார். ஓர் அதிகாரம் முழுவதையும் திருச்சபையின் தாய்மைக்கு ஒதுக்குகின்றார். பின்னர் எழுதிய ஒரு நூலில் அத்தாய்மையைப் பற்றி அவர் கூறும் கருத்து நம் சிந்தனைக்குரியது. உலகில் ஒரு குழந்தை வளர வளரத் தாயின் கரத்தை விட்டு விலகிச் செல்வதே இயற்கை. விசுவாச வாழ்விலோ, மனிதன் எவ்வளவுக்கு முதிர்ச்சி அடைகின்றானோ அவ்வளவுக்குத் திருச்சபைத் தாயோடு நெருங்கி வருகின்றான். அத்துடன் அவனும் பிறருக்கு விசுவாச உயிரூட்டுவதால் அத்தாய்மையிலே பங்குபெறுகின்றான். தம் பிள்ளைக்குச் சிலுவை அடையாளம் வரையக் கற்பிக்கும் ஒவ்வொரு பெற்றோரும் திருச்சபையாக நின்றே அதனைச் செய்கின்றனர் என்பதை எண்ணிப் பாருங்கள்.

நிலவின் ஒளி

இவ்விடத்தில் நியாயமான கேள்வியொன்று எழுகின்றது. தாய் என்று அழைத்துவிட்டால் திருச்சபையில் நிகழும் தவறுகளைக் காணாதது போலக் கண்களை மூடிக்கொள்ள வேண்டுமா?

திருச்சபைத் தந்தையர் திருச்சபையை நிலவுக்கு ஒப்பிட்டனர். டி லுபாக்கும் அவ்வுவமையை விரும்பி எடுத்தாண்டார். நிலவுக்குச் சொந்த ஒளி கிடையாது. கதிரவனிடமிருந்து பெற்ற ஒளியையே அது நமக்குத் தருகின்றது. அது தேய்வதும் உண்டு. இருளில் மறைவதும் உண்டு. மீண்டும் வளர்வதும் உண்டு. திருச்சபையும் அவ்வாறே. அதன் ஒளி கிறிஸ்துவினுடையது. நிழலோ நம்முடையது. கிறிஸ்துவை மறந்து தன்னிலேயே ஒளியிருப்பதாகத் திருச்சபையின் மக்கள் எண்ணத் தொடங்கும் வேளையே மிகவும் ஆபத்தான வேளை. அதனையே டி லுபாக் ஆன்மீகப் போர்வைக்குள் மறைந்திருக்கும் உலகப் பற்று என்று எச்சரித்தார். மறைந்த பாப்பரசர் பிரான்சிஸ், 2013ஆம் ஆண்டு தாம் தேர்ந்தெடுக்கப்படுவதற்கு முன்னர் கர்தினால்கள் மத்தியில் ஆற்றிய சிற்றுரையிலும், அதே ஆண்டு வெளியிட்ட "நற்செய்தியின் மகிழ்ச்சி" என்னும் திருத்தூது ஊக்கவுரையிலும் இந்த எச்சரிக்கையை நினைவூட்டினார்.

"தியானம்" நூலில், திருச்சபையின் பொருட்டு நமக்கு எழும் சோதனைகளுக்கென்றே டி லுபாக் ஓர் அதிகாரம் எழுதியுள்ளார். முதலாவது சோதனை, திருச்சபையை நேசிப்பதாக எண்ணிக்கொண்டு நம் குழுவையும், நம் பழக்கங்களையும், நம் விருப்பு வெறுப்புகளையும் நேசிப்பது. நம் கருத்துக்கு மாறானவர் எல்லாரும் திருச்சபையின் எதிரிகளாகவே அப்போது நமக்குத் தோன்றுவர். இரண்டாவது சோதனை, குறை காண்பதையே பொழுதுபோக்காகக் கொள்வது. திருச்சபை தன்னைத் தானே சோதித்துத் திருத்திக்கொள்வது நல்லது, தேவையானது. அன்பிலிருந்து பிறக்கும் கண்டனம் அவ்வகையைச் சேரும். கசப்பிலிருந்து பிறக்கும் முறுமுறுப்போ எதனையும் கட்டியெழுப்புவதில்லை. மூன்றாவது சோதனை அறிவாளிகளுக்கு உரியது. எளிய மக்களின் எளிய பக்தியோடு ஒரே வாங்கிலே அமர்வதற்கு அவர்கள் கூச்சப்படுகின்றனர்.

ஆகவே, திருச்சபையை அன்பு செய்வது என்பது அதன் வீட்டிற்குள் நடந்த அநீதியை மறைப்பதாகாது. நாசிகளின் அநீதியை எதிர்த்து எழுதிய டி லுபாக் மௌனத்தை ஒரு கொள்கையாகக் கொண்டவர் அல்லர். பாப்பரசர் 2ஆம் அருளப்பர் சின்னப்பர் 2000ஆம் ஆண்டு மார்ச் 12ஆம் திகதி புனித பேதுரு பேராலயத்திலே, திருச்சபையின் பிள்ளைகள் வரலாற்றிலே இழைத்த பாவங்களுக்காகப் பகிரங்கமாக மன்னிப்பு வேண்டினார். சிறுவருக்கு இழைக்கப்பட்ட கொடுமைகளுக்காக அவருக்குப் பின்வந்த பாப்பரசர்களும் தலைகுனிந்து மன்னிப்புக் கோரினர். காயப்பட்டவரின் குரலைக் கேட்பதும், அவருக்கு நீதி கிடைக்கச் செய்வதும் திருச்சபைப் பற்றின் ஓர் அங்கமே. உடலின் ஓர் உறுப்பு நோகும்போது மற்ற உறுப்புகள் நோகாதிருக்கும் உடல், உயிருள்ள உடலாகுமா?

சங்கத்தின் குரலில்

இறைவனின் காலம் கனிந்தது. பாப்பரசர் 23ஆம் அருளப்பர் 1960ஆம் ஆண்டு, இரண்டாம் வத்திக்கான் சங்கத்திற்கான தயாரிப்பு இறையியல் குழுவின் ஆலோசகருள் ஒருவராக டி லுபாக்கை நியமித்தார். பத்து ஆண்டுகள் ஐயத்துக்குரியவராக ஒதுக்கப்பட்டிருந்தவர் சங்கத்தின் வல்லுநர் வரிசையிலே அமர்ந்தார். 1962 முதல் 1965 வரை நடைபெற்ற அச்சங்கம், 1964 நவம்பர் 21ஆம் திகதி திருச்சபை பற்றிய கோட்பாட்டு விளக்கத்தை வெளியிட்டது. பல இறையியலாளரும் ஆயர்களும் சேர்ந்து உழைத்து உருவாக்கிய ஏடு அது. ஆயினும் அதன் தொடக்கத்திலேயே திருச்சபை ஓர் அருளடையாளத்தைப் போன்றது எனக் கூறப்படுவதையும், நற்கருணை கிறிஸ்தவ வாழ்வின் ஊற்றும் உச்சியுமாகும் எனப் போதிக்கப்படுவதையும், திருச்சபை புனிதமானதும் எந்நேரமும் தூய்மை பெற வேண்டியதுமாகும் என ஒப்புக்கொள்ளப்படுவதையும் வாசிப்போர், டி லுபாக் வாழ்நாளெல்லாம் எழுதியவை அங்கே எதிரொலிப்பதைக் கேட்பர். டி லுபாக்கின் "தியானம்" அன்னை மரியாவைப் பற்றிய அதிகாரத்தோடு நிறைவுறுகின்றது. சங்கத்தின் ஏடும் அவ்வாறே அன்னையோடு நிறைவுறுகின்றது.

சங்கத்திற்குப் பின்னர் எழுந்த குழப்பங்களின் நடுவே, மரபை மறந்து ஓடாதீர்கள் என்று அவர் எச்சரித்தபோது, முன்னர் புதுமைவாதி எனப் பழிக்கப்பட்ட அதே மனிதர் பழமைவாதி எனப் பழிக்கப்பட்டார். இரு பழிகளையும் அவர் அமைதியோடு ஏற்றார். பாப்பரசர் 2ஆம் அருளப்பர் சின்னப்பர் 1983ஆம் ஆண்டு அவரைக் கர்தினாலாக உயர்த்தினார். 1991ஆம் ஆண்டு செப்டெம்பர் 4ஆம் திகதி, 95ஆவது வயதிலே, பரிஸ் நகரில் அவர் இறைபதம் அடைந்தார். அவரை முத்திப்பேறு பெற்றவர் நிலைக்கு உயர்த்துவதற்கான முயற்சியைத் தொடங்குவதற்குப் பிரான்சின் ஆயர்கள் 2023ஆம் ஆண்டு இசைவு தெரிவித்தனர்.

அடுத்த ஞாயிறு

அன்பார்ந்த வாசகர்களே, இந்த இறையியலாளரின் எழுத்துக்கள் நூலகத்து அலுமாரிகளுக்கு மாத்திரம் உரியவை அல்ல. அடுத்த ஞாயிறு திருப்பலிக்கு நீங்கள் செல்லும்போது அவை உங்களோடு கூடவே வரவேண்டும்.

உங்கள் பிள்ளை, "வீட்டிலிருந்து செபித்தால் போதாதா?" என்று கேட்டால், வீட்டுச் செபம் இன்றியமையாதது என்று முதலில் கூறுங்கள். பின்னர், அப்பத்தின் கதையை எடுத்துரையுங்கள். தனித்துக் கிடக்கும் கோதுமை மணி நல்ல மணியாகவே இருக்கலாம். ஆனால் அது அப்பமாவதில்லை. பசித்தவருக்கு உணவாவதும் இல்லை. கிறிஸ்து நம்மைத் தனி மணிகளாக வைத்திருக்க வரவில்லை. உலகின் பசியைத் தீர்க்கும் ஒரே அப்பமாக்கவே வந்தார்.

நற்கருணை வாங்க நீங்கள் வரிசையிலே நிற்கும்போது, உங்களோடு பேச்சு முறிந்த ஒருவர் அதே வரிசையில் நிற்கக்கூடும். காணித் தகராறோ, திருமண வீட்டில் எழுந்த மனக்கசப்போ, பங்குச் சபையில் ஏற்பட்ட கருத்து மோதலோ அதற்குக் காரணமாயிருக்கலாம். இருவரும் உண்ணப்போவது ஒரே உடலை. ஒரே உடலை உண்டபின் இரு உடல்களாக வீடு திரும்ப இயலுமா? செல்வர் உண்டு களிக்க, வறியவர் பசித்திருக்க, ஆண்டவரின் விருந்தைக் கொண்டாடிய கொரிந்து நகரத்தாரைப் பவுலடியார் எவ்வளவு கடுமையாகக் கண்டித்தார் என்பதை அத்திருமுகத்தின் 11ஆம் அதிகாரத்திலே வாசித்துப் பாருங்கள். பலிப்பீடத்தில் காணிக்கை செலுத்துமுன் சகோதரனோடு நல்லுறவு கொள்ளுமாறு ஆண்டவர் பணித்ததும் (மத் 5:23-24) இதன் பொருட்டே. ஒப்புரவின்றி நற்கருணை நம்மில் தன் கனியை முழுமையாகத் தருவதில்லை.

திருச்சபையிலே யாரேனும் உங்களைக் காயப்படுத்தியிருந்தால், அந்தக் காயம் பொய்யானது என்று எவரும் உங்களுக்குச் சொல்ல உரிமையில்லை. உங்கள் முறைப்பாட்டை உரியவரிடம் எடுத்துரையுங்கள். நீதியைக் கேளுங்கள். ஆனால் அந்தக் காயத்தின் பொருட்டு விருந்தை மாத்திரம் விட்டுவிடாதீர்கள். உங்களைக் காயப்படுத்தியவர் அந்த விருந்தின் சொந்தக்காரர் அல்லர். அதன் சொந்தக்காரர் தம்முடைய கைகளிலும் விலாவிலும் காயங்களைத் தாங்கியவர். சவுல் துன்புறுத்தியது எளிய விசுவாசிகளை. ஆயினும் தமஸ்கு வழியிலே ஆண்டவர், அவன் துன்புறுத்துவது தம்மையே என்றார் (தி.ப 9:4-5). காயப்பட்ட ஒவ்வொரு உறுப்பிலும் அவரே காயப்படுகின்றார். ஆகவே காயத்தோடு பீடத்தை நாடி வருபவரை அவர் அறியாதவராக இருக்க மாட்டார்.

அவ்வாறு விலகியிருக்கும் ஒருவரை நீங்கள் அறிந்திருப்பின், அவரைக் குறை கூறாமல் சென்று சந்தியுங்கள். முதலில் அவர் சொல்வதைக் கேளுங்கள். சிதறிய துண்டொன்றைச் சேகரிக்கும் இறைவனின் கரமாக அவ்வேளையில் நீங்கள் விளங்குவீர்கள். அதுவே திருச்சபையாக இருத்தல்.

எம்மைச் சேர்த்தணைக்கும் ஆண்டவரே, உமது பீடத்திலிருந்து நாங்கள் பெறும் உடலாகவே எங்களை மாற்றியருளும். எங்களிடையே உடைந்தவற்றை ஒட்டவும், விலகியவர்களை அன்போடு அழைத்து வரவும் எங்களுக்கு வரம் தாரும். திருச்சபையின் தாயாகிய மரியே, எங்களுக்காக வேண்டிக்கொள்ளும். ஆமென்.